அடுத்த அறையில் இருப்பவள்

மார்ச் 4, செவ்வாய்

அச்சுக்கு முன் சரிபார்க்க, மூன்றாம் தொகுதியின் மெய்ப்பு வந்துவிட்டது. நானூற்றுப் பன்னிரண்டு பக்கம். கட்டைப் பிரிப்பதற்குள் பதிப்பகத்துப் பெண்ணின் தொலைபேசி. "மேடம், சொல்லடைவு ஏப்ரல் பத்துக்குள்ள வேணும். நீங்கதானே போடறீங்க?" வேறு யார் போடுவார்கள்? மனத்தைப் பற்றி ஒன்று, மொழியைப் பற்றி ஒன்று, இப்போது அறிவைப் பற்றி. மூன்றையும் எழுதியவர் என் கணவர். எந்தச் சொல் எந்தப் பக்கத்தில் வருகிறது என்று மூன்றுக்கும் கடைசியில் பட்டியல் போடுகிறவள் நான்.

ஸ்கேன் முடிவும் இன்றுதான் வந்தது. வயிற்றுக் கட்டி கல்லீரல் வரைக்கும் போயிருக்கிறது. டாக்டரம்மா சுற்றி வளைக்கவில்லை. "வீட்ல யாரையாவது கூட்டிட்டு வந்திருக்கலாமேம்மா" என்று மட்டும் கேட்டாள். "அவர் எழுதிட்டிருக்கார்" என்றேன். சொன்ன பிறகு எனக்கே வெட்கமாகப் போய்விட்டது.

மார்ச் 5, புதன்

அவரிடம் சொல்லவில்லை. கதவு சாத்தியிருந்தது.

மார்ச் 7, வெள்ளி

இரண்டிலிருந்து ஆறு வரை அவர் கதவு சாத்தியிருக்கும். தட்டக்கூடாது. முப்பத்தோரு வருஷத்துச் சட்டம். மகளுக்குக் காய்ச்சல் கண்டபோதுகூட ஆறு மணி வரை பொறுத்தவள் நான். ஆறு மணிக்குப் பிறகு சொல்லலாமே என்று நீ கேட்கலாம். ஆறு மணிக்குப் பிறகு அவர் அன்று எழுதியதைச் சொல்வார். நான் கேட்பேன். அதுவும் சட்டம்தான்.

இன்று மூன்றாம் அத்தியாயத்துக்குச் சொல்லடைவு அட்டை, சொல்லுக்கு ஒன்றாக, எழுத ஆரம்பித்தேன். அதில் நான் இருக்கிறேன்! மற்ற தத்துவக்காரர்கள் மேசை, மரம் என்று உதாரணம் காட்டுவார்கள். இவர் என்னைக் காட்டியிருக்கிறார். "அடுத்த அறையில் என் மனைவி இருக்கிறாள். நான் அவளைப் பார்க்கவில்லை. அவளுடைய ரேடியோ மட்டும் கேட்கிறது. ஆயினும் அவள் அங்கே இருப்பது எனக்குத் தெரியும். இந்த அறிவை எந்தச் சந்தேகமும் அசைக்காது." இதன் மேல்தான் அத்தியாயம் முழுவதும் நிற்கிறது. அத்தியாயத்தின் மேல் புத்தகம் நிற்கிறது. பதினேழு இடத்தில் வருகிறேன். புதிய அட்டை எடுத்து எழுதினேன்: மனைவி, அடுத்த அறையில்.

பெருமைப்பட வேண்டும் போலிருக்கிறது. கொஞ்சம் பட்டேன்கூட.

மார்ச் 11, செவ்வாய்

முதல் தடவை மருந்து ஏற்றினார்கள். இனி வாரத்தில் செவ்வாயும் வெள்ளியும். ஒரு மணிக்கு அவருக்குச் சாப்பாடு போட்டு, இரண்டுக்குக் கதவு சாத்தியதும் கிளம்பி, பேருந்து பிடித்துப் போய்விட்டு ஐந்தரைக்குத் திரும்பினேன். அவசரத்தில் ரேடியோவை அணைக்க மறந்திருக்கிறேன்.

ஆறு மணிக்கு வெளியே வந்தார். "இன்னிக்கு ரேடியோ கொஞ்சம் சத்தமா இருந்தது. நாளைக்குக் குறைச்சு வெச்சுக்கோ."

"சரிங்க" என்றேன். கையில் ஊசி போட்ட இடத்தில் பஞ்சு ஒட்டியிருந்தது. அந்தக் கையால்தான் தேநீர் கொடுத்தேன்.

மார்ச் 14, வெள்ளி

இன்று வேண்டுமென்றே ரேடியோவைப் போட்டுவிட்டுப் போனேன். சத்தத்தைக் குறைத்துத்தான்.

மார்ச் 18, செவ்வாய்

நரம்பு கிடைக்கவில்லை. நான்கு இடத்தில் குத்திவிட்டு, வெள்ளிக்கிழமை பார்க்கலாம் என்று அனுப்பிவிட்டார்கள். மூன்று மணிக்கே வீட்டில் இருந்தேன். ஓசைப்படாமல் என் அறைக்குள் போய்ப் படுத்தேன். ரேடியோ அதுபாட்டுக்குப் பேசிக்கொண்டிருந்தது. சுவருக்கு அந்தப் பக்கம் அவர் நாற்காலி கிறீச்சிட்டது.

அப்போதுதான் பளிச்சென்று பட்டது. நான் அடுத்த அறையில் இருப்பதாக இந்த நிமிஷம் அவர் நம்புகிறார். சான்று இருக்கிறது, ரேடியோ. நம்புவதும் உண்மை, இதோ நான் படுத்திருக்கிறேன். ஆனால் அவருக்குத் தெரியுமா? நான் ஆஸ்பத்திரியில் கிடந்திருந்தாலும் இதையேதான் நம்பியிருப்பார். இது குருட்டாம்போக்கில் வந்த சரி. அறிவு இல்லை.

மூன்றாம் அத்தியாயம் போச்சு.

ஒன்பது வருஷம் எழுதினார். வாசித்துக் கருத்துச் சொன்ன பேராசிரியர்கள் யாருக்கும் இது படவில்லை. நரம்பு கிடைக்காமல் திரும்பி வந்தவளுக்குப் பட்டது. இப்போது சொல்ல வேண்டியவை இரண்டாகிவிட்டன. நான் சாகப்போகிறேன், உங்கள் புத்தகம் தப்பு. ஒன்றைச் சொன்னால் இன்னொன்றும் கூடவே வந்துவிடும். எதற்கு அதிகமாக இடிந்துபோவார் என்று யோசித்துப் பார்த்தேன். பாதியில் நிறுத்திக்கொண்டேன்.

மார்ச் 23, ஞாயிறு

மகள் தொலைபேசியில். தூரத்து ஊரில் இருக்கிறாள். அரை நிமிஷம்கூட ஆகவில்லை. "அம்மா, குரல் ஏன் இப்படி இருக்கு? என்ன ஆச்சு, சொல்லு."

சொல்லிவிட்டேன். அழுதாள். நானும். பிறகு, "அப்பாவுக்குத் தெரியுமா?" என்றாள்.

"உங்கப்பாவுக்குத் தெரியாதது என்னடி இருக்கு? அதைப் பத்திப் புத்தகமே எழுதியிருக்காரே."

"விளையாடாதம்மா. நான் சொல்றேன் அவர்கிட்ட."

கூடாது என்று சத்தியம் வாங்கினேன். சொல்லடைவு முடியட்டும், நானே சொல்கிறேன் என்றேன். பொய். சொல்லடைவுக்காக ஒன்றும் இல்லை. அவராகக் கேட்கட்டும். இவ்வளவுதான். ஏன் இளைச்சுட்டேன்னு கேக்கட்டும். ஏன் சாப்பிடலைன்னு கேக்கட்டும். ஒரே ஒரு தடவை அந்தக் கதவைத் திறந்துட்டு வந்து எட்டிப் பாக்கட்டும். இதுகூடவா கேக்கக்கூடாது நான்?

மார்ச் 28, வெள்ளி

முடி கொட்டுகிறது. தலையில் துணி கட்டிக்கொண்டேன்.

"குளிருதா?"

"ஆமாங்க."

"ஜன்னலைச் சாத்திக்கோ."

கேட்டார், பார்த்தாயா. கேட்கத்தான் செய்தார்.

ஏப்ரல் 2, புதன்

நாள் முழுக்க வாந்தி. குழாயைத் திறந்துவிட்டு எடுத்தேன், சத்தம் கேட்கக்கூடாதென்று. கேட்கட்டும் என்று காத்திருக்கிறவள் எதற்குக் குழாயைத் திறக்கிறாள்? தெரியவில்லை. எனக்கு என்னையே தெரியவில்லை, அவரை என்ன சொல்ல.

முதல் தொகுதியைப் புரட்டினேன், நான் போட்ட சொல்லடைவைப் பார்க்க. வலி, பிறருடைய, அறிய இயலுமா? நாற்பத்து மூன்று பக்கம் எழுதியிருக்கிறார். இயலும் என்று முடித்திருக்கிறார். அந்தப் பக்கங்களை அட்டையில் ஏற்றும்போது எவ்வளவு மெச்சிக்கொண்டேன்!

பயமாக இருக்கிறது. எழுதினால் குறையும் என்று எழுதிப் பார்த்தேன். குறையவில்லை. நான் செத்துப்போன பிறகும் இரண்டு நாள் ரேடியோ பாடிக்கொண்டே இருக்கும், இவர் உள்ளே உட்கார்ந்து எழுதிக்கொண்டே இருப்பார் என்று தோன்றுகிறது. சாப்பாட்டு நேரத்தில் கண்டுபிடித்துவிடுவார். அந்த நம்பிக்கை உண்டு.

ஏப்ரல் 8, செவ்வாய்

இன்று ஆஸ்பத்திரிக்குப் போகவில்லை. சரிபார்க்கும் நாள். மூன்று தொகுதிக்கும் இப்படித்தான்: சாப்பாட்டு மேசையில் எதிரெதிரே உட்காருவோம். நான் அட்டையை வாசிப்பேன், அவர் மெய்ப்பில் அந்தப் பக்கத்தைத் திருப்பி, இருந்தால் "சரி" என்பார். அறுநூற்றுச் சொச்சம் அட்டை. எனக்கு இந்த நாள் பிடிக்கும். வருஷக்கணக்கில் மூடிக்கிடந்த மனுஷன் ஒரு நாள் முழுக்க எதிரில் இருப்பார்.

நேற்றே ஓர் அட்டை கூடுதலாக எழுதிச் செருகிவிட்டேன்.

"மனைவி, அடுத்த அறையில். நாப்பத்தொண்ணு, நாப்பத்திநாலு, அம்பத்தேழு..." பதினேழும் வாசித்தேன். பதினேழுக்கும் "சரி" என்றார். திருப்புகிற வேகத்தில் ஓர் உற்சாகம்கூட இருந்தது.

அடுத்த அட்டை. "மனைவி, அடுத்த அறையில் இல்லாதது. மார்ச் பதினொண்ணு, மார்ச் பதினாலு, மார்ச் இருபத்தொண்ணு, மார்ச் இருபத்தஞ்சு, மார்ச் இருபத்தெட்டு, ஏப்ரல் ஒண்ணு, ஏப்ரல் நாலு."

மார்ச் என்று தெளிவாகத்தான் சொன்னேன். அவர் பதினோராம் பக்கத்தைத் திருப்பினார். விரலை வரிவரியாக ஓட்டினார்.

"இல்லையே."

பதினான்காம் பக்கம். "இங்கேயும் இல்லை." இருபத்தொன்று. கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு கீழிருந்து மேலாகத் தேடினார். "எங்கேம்மா இருக்கு? தப்பா எழுதிட்டியா?" இருபத்தைந்தையும் திருப்பினார். என்னைத்தான் தேடுகிறார். எதிரில் ஒன்றரை முழத் தூரத்தில் தலையில் துணியோடு உட்கார்ந்திருக்கிறேன், இவர் இருபத்தைந்தாம் பக்கத்தில் என்னைத் தேடுகிறார்.

"புஸ்தகத்துல இல்லீங்க. நான் வீட்ல இல்லாத நாள்" என்றேன்.

நிமிர்ந்து பார்த்தார். அவர் பார்வை துணிக்குப் போயிற்று, பிறகு என் கைக்கு. ஊசி குத்திய இடமெல்லாம் பச்சை பச்சையாக இருந்தது. "எங்க போனே?"

சொன்னேன். எல்லாவற்றையும். டாக்டரம்மா சொன்ன மாதக் கணக்கையும்.

திறந்திருந்த மெய்ப்பை மூடி வைத்தார். பிறகு, "ரேடியோ ஓடிச்சே" என்றார்.

"ஓடிச்சு. நான் இல்லை."

"அப்போ மூணாவது அத்தியாயம்..." என்று ஆரம்பித்து நிறுத்திக்கொண்டார்.

ஏப்ரல் 9, புதன்

மூணாவது அத்தியாயம்! பொண்டாட்டி சாகப்போறேன்னு சொல்றா, இந்த மனுஷன் வாயில வந்தது மூணாவது அத்தியாயம். இதுக்கா காத்திருந்தேன்? இதுக்கா குழாயைத் திறந்துவிட்டு வாந்தி எடுத்தேன்? முப்பத்தோரு வருஷம், மூணு புஸ்தகம், எத்தனை ஆயிரம் அட்டை. எந்த அட்டையிலயாவது நான் இருக்கேனா? இருந்தேன். ரேடியோவா இருந்தேன்.

மாலையில் அவர் அறையிலிருந்து ஒரு சத்தம். முதலில் இருமல் என்று நினைத்தேன். இருமல் இல்லை. நானும் போய்க் கதவைத் தட்டவில்லை. சட்டம் சட்டம்தான்.

ஏப்ரல் 11, வெள்ளி

கூட வந்தார். பேருந்தில் எனக்கு இடம் பிடித்துத் தந்துவிட்டு நின்றுகொண்டே வந்தார். ஆஸ்பத்திரியில் செருப்பை எங்கே விடுவது, சீட்டு எங்கே வாங்குவது, ஒன்றும் தெரியவில்லை. நான்தான் காட்டிக்கொடுத்தேன். நர்ஸ், "இவர்தான் உங்க வீட்டுக்காரரா? ஊர்ல இல்லையோன்னு நினைச்சோம்" என்றாள். அவர் தலையைக் குனிந்துகொண்டார். பாவமாகத்தான் இருந்தது. ஆனால் கோபம் போகவில்லை. பாவமும் கோபமும் பக்கத்துப் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்திருந்தன.

ஏப்ரல் 14, திங்கள்

பதிப்பகத்துக்குத் தொலைபேசி செய்து புத்தகத்தை நிறுத்தச் சொல்லியிருக்கிறார். அந்தப் பெண் பதறிப்போய் என்னைக் கூப்பிட்டாள். நேராக அவர் அறைக்குப் போனேன். மணி மூன்று. தட்டவில்லை, திறந்தேன்.

"என்னைச் சாக்கா வெச்சு அதைக் கொல்லாதீங்க. அறுநூறு அட்டை எழுதியிருக்கேன் நான்."

"தப்புன்னு தெரிஞ்சும் எப்படிப் போடறது?"

"தப்புன்னு எழுதிப் போடுங்க."

அவருக்குக் கண் நிறைந்துவிட்டது. "எனக்குத் தெரியலைம்மா. ஒண்ணுமே தெரியலை" என்றார். இத்தனை வருஷத்தில் அந்த வார்த்தையை அவர் வாயால் கேட்டதில்லை. கேட்டால் சந்தோஷப்படுவேன் என்று நினைத்திருந்தேன். இல்லை.

மே 6, செவ்வாய்

கட்டி மருந்துக்குக் கேட்கவில்லை. நிறுத்திவிட்டார்கள். வலிக்கு மட்டும் மாத்திரை.

மே 19, திங்கள்

மூன்றாம் அத்தியாயத்தின் கடைசியில் ஒரு பக்கம் சேர்த்திருக்கிறார். வாசித்துக் காட்டினார். இந்த அத்தியாயம் தவறு, தவறைக் கண்டவர் இந்நூலுக்குச் சொல்லடைவு செய்தவர், அவர் அடுத்த அறையில் இல்லை. ஏழு வாரத்தில் கண்டுகொண்டிருக்க வேண்டியதை நான் கண்டுகொள்ளவில்லை, என்று. "ஏழு இல்லீங்க, அஞ்சு வாரம்" என்றேன். அடித்துத் திருத்தினார். என் கூடுதல் அட்டையை நீக்கவும் மறுத்துவிட்டார். அது அப்படியே அச்சாகிறது.

நன்றாகத்தான் எழுதியிருக்கிறார். எனக்கு அது வேண்டாம். எனக்கு அடுத்த வருஷம் வேண்டும்.

ஜூலை 2, புதன்

மகள் வந்துவிட்டாள். இனி போகமாட்டாளாம். என்னால் உட்கார்ந்து எழுத முடிவதில்லை.

ஜூலை 15, செவ்வாய்

புத்தகம் வந்தது. கனமாக இருக்கிறது, தூக்க முடியவில்லை. மகள் கடைசிப் பக்கங்களைத் திறந்து பிடித்தாள். பார்த்தேன். இருக்கிறேன், இல்லாததும் இருக்கிறது.

அவர் இப்போது கதவைச் சாத்துவதில்லை. அரை மணிக்கொரு தடவை எழுந்து வந்து, "இருக்கியா?" என்கிறார். "இருக்கேன்" என்கிறேன். இன்றைக்கு மூன்று மணிக்கு வந்தபோது பதில் சொல்லவே ஆயாசமாக இருந்தது. அந்த ரேடியோவையாவது போட்டுவிட்டுப் போங்கள் என்று கையைக் காட்டினேன்.

"வேண்டாம்" என்றார். நாற்காலியை இழுத்துப் போட்டு இங்கேயே உட்கார்ந்துவிட்டார்.