கோயிலைக் கண்டால் இறங்கும் மாமனார்

1991 ஆகஸ்ட் 4, ஞாயிறு. சென்னை.

சைக்கிளில் பட்டணத்தைச் சுற்றிக் காட்டுவதாகச் சொன்ன வழிகாட்டி, எங்கள் ஐந்து பேரையும் வரிசையாக வரச் சொல்லிவிட்டு முன்னால் போய்விட்டார். கடைசியில் என் மாமனார். தம் ஊரான ஸ்ரீவில்லிபுத்தூரில் கோயில் எதிர்ப்பட்டால் சைக்கிளை விட்டு இறங்கி, உருட்டிக்கொண்டு கடப்பவர். மவுண்ட் ரோட்டின் ஓரத்தில் ஒரு பிள்ளையார் கோயில் தெரிந்தது. மாமனார் நடுரோட்டிலேயே இறங்கிவிட்டார். பின்னால் வந்த பஸ் அவர் வேட்டியை உரசாத குறையாக நின்றது.

"யோவ் பெருசு, வூட்ல சொல்லிக்கினு வந்தியா?" என்று டிரைவர் கத்தினார்.

"சொல்லிட்டுத்தான் வந்தேன் தம்பி," என்றார் மாமனார் பணிவாக. "வெள்ளிக்கெழம திரும்பிருவேன்னு."

அந்த வெள்ளிக்கிழமைதான் என் கவலை. "அப்பாவ முழுசாக் கொண்டாந்து சேத்துருங்க," என்று ராஜபாளையத்தில் பஸ் ஏற்றும்போதே என் மனைவி சொன்னாள்.

சாப்பிடும்போது கெஞ்சிப் பார்த்தேன். "மாமா, சைக்கிள்ல இருந்துக்கிட்டே கும்பிட்டாப் போதாதா?"

"கையை விட்டா விழுந்துற மாட்டேனா மாப்ள? ஆபத்துல்லா!"

இப்போது நிம்மதியாகக் குறட்டை விடுகிறார். எனக்குத்தான் கண்ணை மூடினால் பஸ் வருகிறது. நாளைக்கு மயிலாப்பூராம். அங்கே தெருவுக்குத் தெரு கோயில் என்று வழிகாட்டி பெருமையாகச் சொல்லிவிட்டுப் போயிருக்கிறார்.