தாகத்துக்கு வரும் சொல்

22-8-1976, ஞாயிறு. கொல்லங்கோடு.

முன்பு படித்த ஓர் உளவாளி நாவலை இன்று மலையாளப் படமாக மனைவியோடு பார்த்தேன். எதிரி நாட்டில் வேறு பெயரில் வாழ்பவன், காய்ச்சல் மயக்கத்தில் தாய்மொழியில் தண்ணீர் கேட்டு மாட்டிக்கொள்வான். எந்தச் சொல்லால் கேட்டான் என்று நாவலில் இல்லை. எழுதாமல் விட்டவன் பெரிய ஆள்தான். படத்தில் அப்படி விட முடியுமா? முன்பு பொள்ளாச்சியில் பார்த்த, இதே கதையின் தமிழ்ப் படத்தில் "தண்ணி" என்றான். இன்று மலையாளத்தில் "வெள்ளம்" என்றான். இரண்டு தடவையும் எனக்கு மயிர்க்கூச்செறிந்தது. இரண்டுமே, தமிழும் மலையாளமும் கலந்து பேசும் எங்கள் வீட்டுக்குள்ளிருந்து கேட்டது போல இருந்தது.

வரும் வழியில் மனைவி கேட்டாள்: "ஏனுங்க, உங்களுக்குக் காய்ச்சல் வந்தா எதுங்க வாயில வரும்?"

தெரியவில்லை. இவ்வளவு நாள் தெரியாமலேயே இருந்திருக்கிறேன்.

சற்றுமுன் தாகமெடுத்தது. வாயைத் திறக்காமல் அவளிடம் சொம்பைக் கைகாட்டினேன்.