கல்லில் இரண்டு பெயர்

ஏப்ரல் 5, சனி

என்னோடு வேலை செய்யும் சீனப் பெண் லிண்டா, மொன்றியல் மலையிலுள்ள தன் பாட்டனின் கல்லறையைத் துப்புரவாக்க இன்று என்னையும் கூட்டிப்போனாள். கல்லில் ஆங்கிலத்தில் ஒரு குடும்பப் பெயர், சீனத்தில் வேறொன்று. சீனரைக் கனடாவுக்குள் விடாத காலத்தில், இன்னொருவரின் மகன் என்ற பொய்க் கடதாசியோடு வந்தவராம். சொந்தப் பெயர் கல்லில்தான் திரும்பக் கிடைத்தது என்று சிரித்தாள்.

நானும் வேறொருவனின் பாஸ்போர்ட்டில் வந்து, அந்தப் பெயரிலேயே குடியுரிமை எடுத்தவன். மனைவிக்கு மட்டும் தெரியும். "இனி ஆர் கேக்கப்போகினம்? பேசாமல் படுங்கோ," என்கிறாள்.

பின்னேரம் மகள் போன் எடுத்தாள். பிறக்கப்போகும் பிள்ளைக்கு எங்கள் குடும்பப் பெயரைத்தான் வைப்பாளாம்.

"உங்கட பேர் அழியக்கூடாது, அப்பா."

ஓம் பிள்ளை என்றேன். அந்தப் பெயருக்குரியவன் உயிரோடு இருக்கிறானோ, தெரியாது.