இசங்க வீட்டு முன்னறை

அக்குரஸ்ஸ,
அக்டோபர் 19.

அன்புள்ள இசங்கவுக்கு,

ருக்மல் எழுதிக்கொள்வது. உன் அக்கா அனுப்பும் பார்சலில், சீனிச் சம்பல் போத்தலுக்கும் நெத்தலிக் கருவாட்டுக்கும் நடுவில் இந்த உறை இருக்கும். கருவாட்டு வாசம் ஏறியிருந்தால் பொறுத்துக்கொள். உறையைக் கொடுத்தபோது அக்கா சிரித்தார். "என்ன தம்பி, ரெண்டு பேரும் போன்ல கதைக்கிறேல்லையா? கடிதம் எழுதுற காலமா இது?" என்று கேட்டார். நானும் சிரித்துவிட்டு வந்துவிட்டேன்.

இங்கே உன் வீட்டில் எல்லோரும் சுகம். அப்பாவின் முழங்கால் வலி பரவாயில்லை, பன்சலைக்குப் புத்தரைக் கும்பிட நடந்தே போகிறார். மே மாதம் நில்வளா கங்கை பெருகி என் கடையின் இரண்டாவது படி வரைக்கும் தண்ணீர் வந்தது. மூன்று நாள் கரண்ட் இல்லை. கடைக்குள் ஏறவில்லை, அந்த மட்டும் புண்ணியம்.

நாம் போனில் பேசும்போதெல்லாம் நீ, "புபுது எப்பிடி இருக்கிறான்?" என்று கேட்கிறாய். "நல்லா இருக்கிறான், குசினியில சமைக்கிற வேலைதானே," என்று நான் சொல்கிறேன். நான்கு முறை உண்மையைச் சொல்ல நினைத்து வாயெடுத்தேன். நான்கு முறையும் அதே பதிலைத்தான் சொன்னேன். கடிதத்தில் நீ குறுக்கே கேள்வி கேட்க முடியாது. அதனால்தான் எழுதுகிறேன். தயவுசெய்து வேலைக்கு நடுவில் படிக்காதே. அறைக்குப் போய் உட்கார்ந்து படி.

இசங்க, புபுது இல்லை. ஜூன் ஒன்பதாம் தேதி செத்துப்போனான்.

எப்படி, யார் சொன்னது என்று பிறகு எழுதுகிறேன். அதற்கு முன்னால் சொல்ல வேண்டியது ஒன்று இருக்கிறது. ஜனவரியில், கடைசியாக நாம் மூவரும் சேர்ந்து விளையாடிய அந்த ஞாயிற்றுக்கிழமையை நினைத்துப் பார். நீ கொரியாவில் உன் தங்குமிடத்தில் இருந்தாய். எனக்குப் பக்கத்திலேயே, கடையின் பின்னறைக் கணினியில் அவன் இருந்தான். ஒரு காலத்தில் உங்கள் வீட்டு முன்னறையில் மூன்று கணினிகளைக் கேபிளால் கோத்து விளையாடிய அதே பழைய துப்பாக்கி விளையாட்டு. ஒரே வீட்டுக்குள் இருக்கும் கணினிகளோடு மட்டும்தான் அது பேசும். நீ ஊரை விட்டுப் போன பிறகு, இணையத்துக்குள்ளேயே பொய்யாக ஒரு கேபிள் இழுத்துக் காட்டும் மென்பொருளை நான் தேடிப் பிடித்துப் போட்டேன். அதற்குப் பெயர் வைக்கச் சொன்னபோது புபுதுதான், "இசங்க வீட்டு முன்னறை எண்டு போடு மச்சான், அங்கதானே இருக்கிறம்," என்றான். நான்கு வருடம், ஞாயிறு பகல் இரண்டு மணி. உன் அம்மா தேத்தண்ணீர் கொண்டுவரவில்லை என்பது ஒன்றுதான் குறை.

அன்றைக்கு ஆட்டத்தின் நடுவில்தான் அவன் சொன்னான், "ரஷ்யாவுக்குப் போறன் மச்சான். கேம்ப் குசினில வேலையாம். சண்டைக்கு அனுப்ப மாட்டினமாம்."

நீ கத்தினாய். "விசராடா உனக்கு? ஒரு வருசம் பொறு, கொரியன் பாசை படிச்சுச் சோதினை எழுது, நான் கூப்பிடுறன்."

வேலை செய்த பேக்கரி மூடியதிலிருந்து ஏழு மாதமாகப் புபுது சும்மா இருந்தான். அந்தக் கோபத்தில் நான், "நீ கொரியாவுக்குப் போய்ச் சேந்திட்டாய், அதுதான் இப்பிடிக் கதைக்கிறாய்," என்று உன் முகத்தில் அடித்தாற்போலச் சொன்னேன். நீ கேட்டாய், "அந்த ஏஜென்ட்ட நம்பரை இவனுக்கு ஆர் குடுத்தது?"

புபுது என்னைப் பார்த்தான். பிறகு, "ஃபேஸ்புக்கில கண்டனான்," என்றான். மைக்கைக் கையால் பொத்திக்கொண்டு என்னிடம் மெதுவாக, "உன்னைத்தான் ஏசுவான், விடு," என்றான்.

நம்பரைக் கொடுத்தது நான். கடைக்குப் போன் கண்ணாடி மாற்ற வந்த ஒருவர், தன் தம்பி அங்கே போய் நன்றாக இருப்பதாகச் சொன்னார். நான்தான் வாங்கினேன், நான்தான் என் கையால் எழுதி அவன் சட்டைப்பையில் வைத்தேன். "நீ இங்க ஆமியில ஆறு வருசம் சிப்பாய்களுக்குச் சோறுதானே ஆக்கினாய், அங்கயும் அதைத்தான் செய்யப் போறாய்," என்று சொல்லி அனுப்பியதும் நான்தான். நீ பாதி ஆட்டத்தில் வெளியேறினாய். அதற்குப் பிறகு நம் அறைக்கு நீ வரவே இல்லை. உன்மேல் எனக்குக் கோபம்கூட இருந்தது. எவ்வளவு கேவலம் பார்.

பெப்ரவரியில் போனான். முதல் வாரத்திலேயே போனைப் பறித்துக்கொண்டார்கள். சித்திரைப் புத்தாண்டு கழிந்த ஞாயிறு, கடையில் நான் தனியாக இருந்தபோது, நம் மென்பொருளில் அவன் பெயருக்குப் பக்கத்தில் பச்சைப் புள்ளி வந்தது. "டேய், இருக்கிறியா?" என்று எழுதினான். நேபாளத்துப் பையன் ஒருவனின் மடிக்கணினியாம். மற்றதெல்லாம் அங்கே அடைத்திருக்கிறது, நம்முடைய இந்தச் சின்ன மென்பொருள் மட்டும் எப்படியோ வேலை செய்கிறது என்றான். "குசினி எப்பிடி?" என்று கேட்டேன். பிறகு, "நான் குசினியைக் கண்ணாலயும் காணேல்ல மச்சான். பதினாலு நாள் பழக்கினாங்கள். பிறகு முன்னுக்கு அனுப்பிட்டாங்கள்," என்று வந்தது.

ஓடிவா என்று எழுதினேன். எங்கே ஓட என்று கேட்டான்.

மே மாதம் இன்னொரு முறை வந்தான். வெள்ளத்துக்கு முந்தைய ஞாயிறு. காலில் சிறிய காயம், ஒரு வாரம் பின்னால் கொண்டுவந்து வைத்திருக்கிறார்கள் என்றான். "ஒரு ஆட்டம் போடுவமா?" என்று கேட்டான். விளையாட்டைப் பென்டிரைவில் கொண்டுபோயிருந்தான். எனக்கு அழுகை வந்தது. ஆனாலும் திறந்தேன்.

அவன் எப்படி விளையாடுவான் என்று உனக்குத் தெரியும். பத்தடி தூரத்துச் சுவரைக்கூடச் சுட முடியாதவன். நம் கையில் செத்துவிட்டுச் சிரித்துக்கொண்டே இருப்பான். அன்றைக்கு நான் கிணற்றடியைத் தாண்டுவதற்குள் என்னைச் சுட்டான். திரும்பப் பிறந்து வந்தேன், வாசலிலேயே சுட்டான். தொடர்பு மோசம், அவன் உருவம் விட்டு விட்டுத்தான் நகர்ந்தது. அப்படியிருந்தும் ஒரு குண்டு வீணாகவில்லை. பதினொரு முறை. ஒரு கிண்டல் இல்லை, ஒரு சிரிப்பு எழுத்து இல்லை. பன்னிரண்டாம் முறை எழுதினான்: "ஒரு இடத்தில நிக்காத மச்சான். நிண்டா அடிச்சுப் போடுவாங்கள்."

இசங்க, விளையாட்டில் நான் பயந்தது அன்றைக்குத்தான்.

கொஞ்ச நேரம் கழித்து, "சுட வேணாம், சும்மா நடப்பம்," என்றான். நடந்தோம். நாம் மூவரும் ஆயிரம் முறை ஓடிய அந்த மணல் ஊரில் ஒவ்வொரு சந்தாகப் போனோம். மொட்டைமாடியில் ஏறி நின்றோம். அங்கே நிற்கும்போதுதான் எழுதினான்: "அம்மாட்ட குசினி எண்டே சொல்லு. இசங்கட்டயும் சொல்லாத. தான் சொன்னது சரியாப் போச்செண்டு அவன் பெருமைப்படக் கூடாது." அதற்குப் பக்கத்தில் மட்டும் ஒரு சிரிப்பு எழுத்து போட்டிருந்தான். நம்பரைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஒரு வார்த்தையாவது திட்டியிருக்கலாம். நான் மன்னிப்புக் கேட்டு எழுதிக்கொண்டிருக்கும்போதே தொடர்பு அறுந்தது. அது அவனுக்குப் போய்ச் சேர்ந்ததா என்று எனக்குத் தெரியாது.

இனி எழுதப்போவது இதைவிட மோசமானது.

ஜூன் முழுக்கச் சத்தமே இல்லை. புபுதுவின் அம்மா பியசீலி ஒவ்வொரு ஞாயிறும் கடைக்கு வரத் தொடங்கினார். மகன் பெயருக்குப் பக்கத்தில் பச்சை வந்தால் இருக்கிறான் என்று அர்த்தம் என்று எப்போதோ நான் சொல்லிக்கொடுத்திருந்தேன். வெள்ளைச் சேலையோடு பன்சலையிலிருந்து நேராக வருவார். கையில் எனக்குப் பாற்சோறும் கட்டைச் சம்பலும் இருக்கும். சாம்பல் நிறப் புள்ளியைப் பார்த்துக்கொண்டு ஒரு மணி நேரம் உட்கார்ந்துவிட்டுப் போவார்.

ஜூலை முதல் ஞாயிறு, மகனின் பழைய படங்கள் வேண்டும் என்று கேட்டார். புபுது போகும்போது தன் கணினியை என் கடையில்தான் வைத்துவிட்டுப் போனான். நான் பின்னறைக்குப் போய் அதைப் போட்டேன். அந்த மென்பொருள் அவன் பெயரில் தானாகவே திறக்கும்படி நானே வைத்துக்கொடுத்திருந்தேன், அந்த நேரம் அது நினைவில் இல்லை. முன்னால் அம்மா என்னைக் கூப்பிட்டு அலறினார். "மகன்! மகன்! பச்சை வந்திட்டுது! ஓடி வாங்கோ, என்ர பிள்ளை வந்திட்டான்!"

ஓடி வந்து பார்த்தேன். திரைக்கு முன்னால் இரண்டு கையையும் கூப்பி, புள்ளியைக் கும்பிட்டுக்கொண்டு நின்றார். அது இங்க பின்னறையில இருக்கிற மெசின் அம்மா என்று அப்போதே சொல்லியிருக்க வேண்டும். ஒரு வரிதான். என்னால் முடியவில்லை. "சாப்பிட்டானா எண்டு கேளுங்கோ," என்றார். கேட்டேன். பின்னறைக்குப் போய், சாப்பிட்டேன் என்று பதில் எழுதிவிட்டு வந்து வாசித்துக் காட்டினேன்.

அவன் உயிரோடு இருக்கிறான், எப்படியும் வருவான், அதுவரை அந்தத் தாய்க்கு ஆறுதல் என்றுதான் அன்றைக்கு நினைத்தேன். ஆனால் அவன் செத்து அப்போதே மூன்று வாரம் தாண்டியிருந்தது.

ஆகஸ்டில் குருநாகலிலிருந்து ஒருவர் பஸ்ஸில் என்னைத் தேடி வந்தார். பெயர் ஜயவிலால், அங்கே புபுதுவோடு இருந்தவர். ஒரு பாதம் இல்லை, ஊன்றுகோல். புபுது என் கடையைப் பற்றி அவரிடம் சொல்லியிருக்கிறான். ஒரு மர வரிசைக்குள், அடிபட்டுக் கிடந்த நேபாளத்துப் பையனைப் புபுது தூக்கப் போனபோது மேலிருந்து குண்டு வந்து விழுந்ததாம். "நான் கண்ணால கண்டனான் தம்பி. உடம்பை எடுக்க ஏலாமப் போச்சு. அங்கயே விட்டிட்டுத்தான் வந்தம்," என்றார். அம்மாவிடம் தானே சொல்வதாகச் சொன்னார். நான்தான் தடுத்தேன். நான் பக்குவமாகச் சொல்கிறேன் என்று சொல்லி அவரைப் பஸ் ஏற்றி அனுப்பினேன். அவன் சாவை உறுதிப்படுத்தக் கேட்டுக் கொழும்பில் ஒரு அலுவலகத்துக்கு எழுதிப் போட்டிருக்கிறேன். கடிதமோ காகிதமோ இன்னும் ஒன்றும் வரவில்லை.

அடுத்த ஞாயிறு அம்மா வந்தார். நான் பின்னறைக் கணினியைப் போட்டேன், இசங்க. அதற்கடுத்த ஞாயிறும் போட்டேன். இன்றுவரை போட்டுக்கொண்டிருக்கிறேன். போன வாரம் அவர் கேட்டது: "எப்ப வாறான் எண்டு கேளுங்கோ மகன். வாற சித்திரைக்கு முதல் வந்தால் பெண் பார்க்கலாம். மொரவக்கவில ஒரு பிள்ளை இருக்கு." பின்னறைக்குப் போனேன். பார்க்கலாம் என்று எழுதினேன். அவர் அதைக் கேட்டு என் நெற்றியில் கைவைத்து, "நீங்கள் இல்லாட்டி நான் செத்திருப்பன்," என்றார்.

செத்தவனுக்கு ஏழாம் நாள் தானம் இல்லை. மூன்றாம் மாதத் தானமும் இல்லை. அவன் பெயரைச் சொல்லி ஒரு பிக்குவின் பாத்திரத்தில் ஒரு கரண்டி சோறு விழவில்லை. அவன் செத்தது யாருக்கும் தெரியாதே. போன மாதம் நான் தனியாகத் தெனியாயப் பக்கம் ஒரு பன்சலைக்குத் தானம் எடுத்துக்கொண்டு போனேன். தானம் வாங்கிய ஹாமதுரு, யாருக்குப் புண்ணியம் சேர்க்க வேண்டும் என்று கேட்டார். பக்கத்தில் தெரிந்த முகம் ஒன்று நிற்பதைப் பார்த்தேன். இறந்த என் அப்பாவின் பெயரைச் சொன்னேன். அங்கேயும் அவனுக்கு ஒன்றும் போய்ச் சேரவில்லை.

இரண்டு மாதமாக எனக்குச் சோறு இறங்குவதில்லை. ஞாயிறு வரக்கூடாது என்று வியாழனே வேண்டத் தொடங்குகிறேன். சில நாள் கடையைப் பூட்டிவிட்டு எங்காவது போய்விடலாம் என்று தோன்றுகிறது. போனால் அந்த அம்மா பூட்டிய கதவுக்கு முன்னால் வந்து நிற்பார். அதை நினைத்துத்தான் போகாமல் இருக்கிறேன்.

நீ என்னைத் திட்டு. இனி என் முகத்தில் முழிக்காவிட்டாலும் சரி. ஆனால் ஒரு முறை வா. டிசம்பரில் உங்களுக்கு லீவு தருவார்கள் என்று அக்கா சொன்னார். ஆறாம் மாதத் தானத்தையாவது அவன் பெயரில் கொடுக்க வேண்டும், அதற்கு முன்னால் அம்மாவுக்குச் சொல்ல வேண்டும். ஜயவிலாலும் வருவதாகச் சொல்லியிருக்கிறார். அவன் போய்ச் சேர்ந்ததை அவர் சொல்லட்டும். நம்பர் கொடுத்ததையும் பின்னறையில் உட்கார்ந்து நான் எழுதியதையும் நானே சொல்கிறேன், வேறு யாரும் சொல்ல வேண்டாம். சொல்லி முடித்ததும் அந்த அம்மா விழுவார், இசங்க. என் கை தன்மேல் படுவதற்கு அதற்குப் பிறகு அவர் சம்மதிக்க மாட்டார். பிடித்துக்கொள்ள உன்னைத் தவிர வேறு பிள்ளை அவருக்கு இல்லை.

அங்கே குளிர் தொடங்கியிருக்கும், காதை மூடிக்கொண்டு போ. இயந்திரத்துக்குப் பக்கத்தில் கவனமாக நில். புத்தர் முதலான மும்மணிகளும் உன்னைக் காத்துக் கொண்டுவந்து சேர்க்கட்டும்.

உன் பதிலுக்காகக் காத்திருக்கும்,
ருக்மல்