மகஜரில் இல்லாத மாடுகள்

இலத்தூர்,
22.7.1961

திரு. தங்கசாமி அவர்களுக்கு,

நாம் பார்த்துக்கொண்டதில்லை. என் பெயர் குற்றாலிங்கம். பாலிடெக்னிக்கில் படித்துவிட்டு மராமத்து இலாகாவில் ஓவர்சியராக இருக்கிறேன். உங்கள் மனைவி உலகம்மை சொல்லித்தான் எழுதுகிறேன். உடம்புக்கு ஒன்றுமில்லை, நடமாடுகிறார். மற்றபடி நலம் விசாரிக்க எனக்கு யோக்கியதை இல்லை.

போன மாதம் எட்டாம் தேதி விடியற்காலையில், சிற்றாற்றில் பெர்மிட் இல்லாமல் மணல் ஏற்றி வந்த உங்கள் வண்டியைப் பிடித்தவன் நான்தான். நீங்கள் கொழும்புக்குச் சரக்குக் கிட்டங்கி வேலைக்குப் போன பிறகு உலகம்மையே வண்டி ஓட்டுவது உங்களுக்குத் தெரியும். குற்றாலத்தில் லாட்ஜ் கட்டுகிறவர் பெர்மிட் வாங்கியாகிவிட்டது என்று சொன்னாராம். இவர் நம்பிவிட்டார். பிடித்தது சரிதான். இன்றைக்கும் அப்படித்தான் சொல்வேன்.

பிடித்த பொருளையெல்லாம் குறித்து அங்கேயே மகஜர் எழுத வேண்டும். எழுதினேன். கட்டை வண்டி ஒன்று, சக்கரம் இரண்டு, இரும்புப் பட்டை தேய்ந்தது, நுகத்தடி, கயிறு. மணலை நீளம், அகலம், உயரம் எடுத்துக் கன அடியில் போட்டேன். உலகம்மை பக்கத்தில் நின்று, "மாட்டையும் எழுதிக்கிடுங்க ஐயா" என்றார். வாகனம் வேறு, அதை இழுப்பது வேறு, எனக்கு நீ பாடம் நடத்தாதே என்றேன். சாரலில் காகிதம் நனைகிறதே என்ற அவசரம் எனக்கு. அவர் கைநாட்டு வைத்தார்.

வண்டியை ஆபீஸ் வளாகத்தில் நிறுத்தினோம். மாடு கட்ட அங்கே இடமில்லை. பியூன் இரண்டையும் அவிழ்த்துக் கொண்டுபோய், பயிரில் மேய்ந்த மாட்டை அடைக்கிற பவுண்டில் அடைத்துவிட்டார்.

மறுநாள் உலகம்மை பவுண்டில் போய்க் கேட்டிருக்கிறார். கேஸ் மாடு, கோர்ட்டு உத்தரவில்லாமல் விட முடியாது என்றார்கள். கோர்ட்டில் கேட்டால், மகஜரில் மாடே இல்லை, இல்லாத மாட்டுக்கு எப்படி உத்தரவு போடுவது என்றார் குமாஸ்தா. உலகம்மை என்னிடம் வந்தார். நான் மகஜரைத் திருத்தப் போனேன். கையெழுத்தான பிறகு ஒரு எழுத்துச் சேர்த்தாலும் வேலை போய்விடும் என்றார்கள். தனியாக மனு எழுதிக் கொடுத்தேன். மாஜிஸ்டிரேட் லீவில் இருந்தார்.

பவுண்டில் கூரை கிடையாது. கேஸ் மாடென்றும் கணக்கில்லை, மேய்ந்த மாடென்றும் கணக்கில்லை என்பதால் தீனியும் கிடையாது. உலகம்மை கம்பி வழியாகப் புல் நீட்டுவார். ஆள் இருந்தால் விரட்டுவார்கள். பன்னிரண்டாம் நாள் உங்கள் மயிலைக் காளை சகதியில் படுத்தது, எழுந்திருக்கவில்லை. செவலையை உரியவர் இல்லாத மாடு என்று ஏலத்தில் விட்டார்கள். உரியவர் ஏலம் போட்டவருக்கு எதிரேயே நின்றுகொண்டிருந்தார். "எம் மாடுய்யா, பேரு சொல்லிக் கூப்பிடுதேன், திரும்புதா இல்லையான்னு பாருங்க" என்று கூப்பிட்டார். செவலை திரும்பியது. சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். புளியரை வழியாக மலைக்கு அந்தப் பக்கம் அடிமாடு ஓட்டுகிற தரகர் பிடித்துக்கொண்டு போனார்.

என் மனுவுக்கு உத்தரவு வந்தது அதற்கு மூன்று நாள் கழித்து.

நேற்று கேஸ் முடிந்தது. அபராதம் போட்டு, மகஜரில் கண்ட பொருட்களைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னார்கள். ஒன்று குறையாமல் கொடுத்தோம். நான் அளந்த மணல் மட்டும் மழையில் கரைந்து போயிருந்தது. இழுக்க மாடில்லாத வண்டியை என்ன செய்வார் என்று யாரும் கேட்கவில்லை. உலகம்மை நுகத்தடியைத் தோளில் வைத்து இலத்தூர் வரை இழுத்துக்கொண்டு வந்தார். நான் சைக்கிளில் பின்னாலேயே வந்தேன். இறங்கித் தள்ளவில்லை. இலாகா ஆள் என்று ரோட்டில் எல்லாருக்கும் தெரியும்.

வீட்டு வாசலில் வண்டியை இறக்கிவிட்டு என்னைக் கூப்பிட்டார். தோளில் தோல் உரிந்திருந்தது. "அன்னைக்கு எழுதுனது நீங்கதான. இதையும் நீங்களே எழுதுங்க. மாடு ரெண்டும் சவுக்கியம்னு எழுதுங்க. ஒவ்வொரு காயிதத்துலயும் அதுகளத்தான் மொதல்ல கேக்காக. அவுக அங்கன சோறு திங்கணும்லா" என்றார்.

சரி என்று தலையாட்டிவிட்டு வந்தேன். எழுத உட்கார்ந்தால் கை வரவில்லை. உள்ளதை ஒரு தடவை விட்டு எழுதிவிட்டேன். இன்னொரு தடவை என்னால் ஆகாது. அவர் சொன்னதை மீறித்தான் இத்தனையும் எழுதியிருக்கிறேன். அவர் மேல் ஒரு பிசகும் இல்லை.

என்னை என்ன வேண்டுமானாலும் திட்டி எழுதுங்கள். ஆபீஸ் விலாசத்துக்கு எழுதுங்கள். வீட்டுக்குப் போடுகிற காகிதத்தைத் தபால்காரர்தான் அவருக்கு வாசித்துக் காட்டுகிறார். அதில் மட்டும், உங்களைக் கும்பிட்டுக் கேட்டுக்கொள்கிறேன், எப்போதும் போல மயிலையும் செவலையும் எப்படி இருக்கின்றன என்று முதலில் கேட்டு எழுதுங்கள். கேட்காமல் விட்டால், உங்களுக்கு விஷயம் எட்டிவிட்டது என்று உலகம்மைக்குத் தெரிந்துவிடும்.

இப்படிக்கு,
குற்றாலிங்கம்