கண்ணாடி அறையில் சொன்ன சொல்லுக்கு நான் சாட்சி

அனுப்புநர்:
இறந்துபோன தறிக்காரரின் மனைவி,
தார் சுற்றும் தொழிலாளி,
தறிக்கூடத்துப் பின்புற வரிசை வீடுகள், கடைசிக் கதவு.

பெறுநர்:
உயர்திரு அரசு வழக்கறிஞர் அவர்கள்,
சாதி வன்கொடுமை வழக்குகளுக்கான சிறப்பு நீதிமன்றம்.

பொருள்: என் கணவரைச் சாதி சொல்லித் திட்டிய வழக்கில் தறிக்கூட முதலாளி முன்ஜாமீன் கேட்டிருப்பது – முடிவு சொல்லும் முன் என்னையும் விசாரிக்க வேண்டுதல் – தொடர்பாக.

மதிப்பிற்குரிய ஐயா,

வணக்கம். மனு எழுதிக் கொடுப்பவரிடம் முதலில் போனேன். நான் சொன்னதையெல்லாம் கேட்டுவிட்டு, "இதெல்லாம் மனுவுல வராதும்மா" என்று நாலு வரியில் முடித்துக் கொடுத்தார். அந்த நாலு வரியில் என் கணவர் இல்லை. அதனால் நானே எழுதுகிறேன். நீண்டுவிட்டால் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

1. என் கணவர் அந்த முதலாளியின் தறிக்கூடத்தில் விசைத்தறி ஓட்டினார். நான் அதே கூடத்தில் தார் சுற்றுகிறேன். அதாவது, தறியில் குறுக்கே ஓடுகிற நாடாவுக்குள் வைக்கிற குச்சியில் நூல் சுற்றிக் கொடுக்கும் வேலை. துணி வாங்க வந்த வெளியூர் வியாபாரி ஒருவர், தறியில் இருந்த துணியைத் தடவிப் பார்த்த சந்தோஷத்தில் என் கணவருக்குக் கை கொடுத்தார். பிறகு அதே கையை முதலாளிக்கு நீட்டினார். நடந்தது இவ்வளவுதான். வியாபாரி காரேறிப் போனதும், முதலாளி என் கணவரைத் தன் கண்ணாடி அறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினார்.

2. எங்கள் சாதிப் பெயரைச் சொல்லித் திட்டினார். அந்தப் பெயரை அவர் சொன்ன விதத்தில் எழுத எனக்குக் கை வரவில்லை, நேரில் சொல்கிறேன். மற்றது இது: "உன் கையைத் தொட்ட கையை நான் தொடணுமாடா? உங்கப்பன் எங்கப்பா முன்னாடி நிமிர்ந்துகூட நின்னதில்ல. நீ கை நீட்டுற அளவுக்கு வந்துட்டியா?"

3. முதலாளியின் மனுவில் இப்படி இருக்கிறதாம்: கதவு சாத்தியிருந்தது, தறிகள் ஓடிக்கொண்டிருந்தன, உள்ளே பேசியது வெளியே யாருக்கும் கேட்டிருக்க வழியில்லை, எல்லாரும் குனிந்து அவரவர் வேலையைப் பார்த்தார்கள். வக்கீல் குமாஸ்தா ஒருவரிடம் விசாரித்தேன். "இந்த மாதிரி கேஸ்ல லேசுல முன்ஜாமீன் கிடைக்காதும்மா. ஆனா நாலு பேர் அறிய நடக்கலைன்னு ஆயிட்டா அப்புறம் கேஸ் ஏது? சுலபமா வாங்கிட்டுப் போயிடுவாரு" என்றார்.

4. ஐயா, நாலு பேர் இல்லை, கூடமே அறிந்தது. தறிகள் ஓடும்போது தலைமேல் இடி விழுந்தாலும் எங்களுக்குக் கேட்காது. அதனால் நாங்கள் வாயைப் பார்த்துத்தான் பேசிக்கொள்வோம். சாப்பிடக் கூப்பிடுவது, சண்டை, கேலி எல்லாம் அப்படித்தான். வேலைக்கு வந்த கொஞ்ச நாளில் யாருக்கும் அது வந்துவிடும். முதலாளி தறியோரம் நின்று வேலை செய்தவர் அல்ல, அவருக்கு இது தெரியாது. கண்ணாடி சத்தத்தைத்தான் மறைக்கும். அவர் எங்கள் பக்கம் முகம் வைத்து நின்றுதான் பேசினார்.

5. எல்லாரும் குனிந்திருந்தோம் என்பதும் உண்மைதான். கண்ணில் படுவதையெல்லாம் படிக்க முடியும் என்பதால், அடுத்தவர் பேச்சு என்று தெரிந்ததும் தலையைக் குனிந்துகொள்வது எங்கள் கூடத்து மரியாதை. என் கணவர் கதவைத் திறந்து வெளியே வந்தபோது, நாங்கள் பார்த்தது அவருக்குத் தெரியக் கூடாதென்று அத்தனை தலையும் குனிந்தது. என் தலையும்தான். அந்த மரியாதையையே இப்போது அவருக்கு எதிராகத் திருப்பியிருக்கிறார்கள்.

6. அன்று வேலை விட்டு வரும் வழியில் என் கணவர், "உனக்கு ஒண்ணு சொல்லணும்" என்று ஆரம்பித்தார். "தெரியும்" என்றேன். நின்றுவிட்டார். "எல்லாருமா பாத்தாங்க?" "எல்லாரும்தான்." பிறகு சிரித்தார். "அப்ப சாட்சிக்குப் பஞ்சமில்ல, வாடி" என்று வீட்டுக்குக்கூடப் போகாமல் காவல் நிலையத்துக்கு நடந்தார். புகார் கொடுத்தவர் அவர்தான். சில வாரம் கழித்து மார்வலி வந்து போய்ச் சேர்ந்தார். அதற்கு முதலாளிதான் காரணம் என்று நான் எழுதவில்லை. எனக்குத் தெரியாததை எழுத மாட்டேன்.

7. அவர் போன பிறகு என்னை விசாரித்த காவலர், "நீ காதால கேட்டியாம்மா?" என்றார். "இல்லை" என்றேன். அதுதானே உண்மை? அதற்கு மேல் அவர் கேட்கவில்லை, எனக்கும் சொல்லத் தோன்றவில்லை. வாயைப் பார்த்துப் படிப்பதைக் கூடத்தில் யாரும் யாரிடமும் விளக்கிச் சொன்னதில்லை. "கேட்கவில்லை" என்று எழுதி முடித்துவிட்டார். அந்த ஒரு சொல்லைத்தான் முதலாளி தரப்பு பிடித்துக்கொண்டிருக்கிறது.

8. இதை எழுதலாமா என்று தெரியவில்லை. என் கணவருக்குக் கூடத்தில் "ஊமை ரேடியோ" என்று பெயர். சத்தமே வராது, ஆனால் ஓயவும் மாட்டார். மூன்று தறி தள்ளி நின்று, "மொறைக்காத, நூல் அறுந்துடும்" என்பார். என்னைக் கட்டிக்கொள்ளக் கேட்டதும் அப்படித்தான், எல்லாரும் மரியாதையாகக் குனிந்துகொண்டு சிரித்தார்கள். வீட்டிலும் பழக்க தோஷத்தில் வாயை மட்டும்தான் அசைப்போம். அதனால் ஐயா, அவர் குரல் எனக்கு அவ்வளவாக நினைவில் இல்லை. வாய்தான் நினைவிருக்கிறது. சுவரில் மாட்டியிருக்கும் படத்தில் வாயை மூடிக்கொண்டு நிற்கிறார். வேலைக்கு நடுவில் இன்னமும் நிமிர்ந்து அவர் ஓட்டிய தறியைப் பார்த்துவிடுகிறேன். வேறு ஆள் ஓட்டுகிறார், நல்ல பிள்ளை, என் கண் பட்டால் தலையைக் குனிந்துகொள்கிறார்.

9. எனக்கு வேண்டியதை எந்த மனுவிலும் கேட்க முடியாது. கேட்கக் கூடியதைக் கேட்கிறேன். முன்ஜாமீன் மனு வருகிற திங்கட்கிழமை விசாரணைக்கு வருகிறது. முடிவு சொல்லும் முன் என்னைக் கூப்பிட்டு விசாரிக்கும்படி தாங்கள் நீதிபதி அவர்களிடம் கேட்க வேண்டும். நம்பிக்கை இல்லையென்றால் கண்ணாடிக்கு அந்தப் பக்கம் யாரையாவது நிறுத்திப் பேசச் சொல்லுங்கள், சொன்னதைச் சொல்கிறேன். பக்கத்துத் தறி அக்கா, "நீ வாயைத் தொறந்தா நானும் தொறக்கறேன்டி" என்றிருக்கிறார். மற்றவர்கள் பயப்படுகிறார்கள். குடியிருக்கும் வீடும் முதலாளியுடையது, அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். இந்த முன்ஜாமீன் கிடைத்துவிட்டால், அந்த அறையில் ஒன்றுமே நடக்கவில்லை என்று ஆகிவிடும். என் கணவர் ஒன்றுமில்லாததற்குப் புகார் கொடுத்தவராகிவிடுவார்.

சத்தமாகப் பேசி எனக்குப் பழக்கமில்லை. ஆனாலும் அன்று அவரைச் சொன்ன சொல்லை, கடைசி வரிசையில் இருப்பவருக்கும் கேட்கும்படி வாய்விட்டுச் சொல்வேன். முதலாளியும் அங்கே இருக்க வேண்டும் என்று பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன்.

நாள்: விசாரணைக்கு முந்தைய வெள்ளிக்கிழமை
இடம்: வரிசை வீடுகள், கடைசிக் கதவு

தங்கள் அழைப்பை எதிர்பார்த்து,
(கையெழுத்து)
மனுதாரர், புகார் கொடுத்தவரின் மனைவி