உண்டியல் புத்தகத்துல என் கையெழுத்து

அண்ணே, இன்னிக்கு கோயில்ல உண்டியல் திறந்தாங்க. மூடியத் தூக்கினதும் அந்த வாசன வந்துச்சு, விபூதியும் பழைய காசும் கைவேர்வையும் கலந்தது. இப்ப ஒரு வெள்ளி ரிங்கிட் நோட்டெல்லாம் பிளாஸ்டிக்கு மாதிரி வழவழன்னு இருக்கு, வாசன மட்டும் மாறல. நீங்க பக்கத்துல குந்திக்கிட்டு எண்ணுற கொரலு காதுல கேட்டுச்சு. திரும்பிப் பாத்தேன். கோர்ட்டு உத்தரவுல வந்த கணக்காளர் பிள்ளதான் எண்ணிக்கிட்டிருந்துச்சு.

எனக்கு எழுத வராதுன்னு உங்களுக்குத் தெரியும். நான் சொல்லச் சொல்ல எம் மக எழுதுறா. கையெழுத்து மட்டும் போடுவேன். அந்தக் கையெழுத்துதான் எல்லாத்துக்கும் காரணம்.

உண்டியலுக்குப் பூட்டு ரெண்டு. ஒரு சாவி டிரஸ்டி உங்ககிட்ட, ஒண்ணு பக்தருங்க சார்புல எங்கிட்ட. பௌர்ணமிக்கு மறுநாள் சாயங்காலம் ரெண்டு பேரும் சேந்து திறக்கணும், சேந்து எண்ணணும், கணக்குப் புத்தகத்துல கையெழுத்துப் போடணும். எண்ணி முடிச்சா சூலியா தெருவுல மீ கோரெங் நூடுல்சு வாங்கித் தருவீங்க, உங்க சொந்தக் காசுல. அந்தக் கடத் தம்பி மொளகாய அள்ளிப் போட்டுருவான். மூக்கு ஒழுக ஒழுக அவன வஞ்சிக்கிட்டே ஒரு இழை விடாம தின்னுருவீங்க. சரி, அத விடுங்க.

எங்க வீட்டுக்காரர் ஆஸ்பத்திரியில கெடந்தப்ப புத்தகத்தத் தூக்கிக்கிட்டு வார்டுக்கே வந்தீங்க. மூணு மாசத்துக்கு பௌர்ணமி பாத்து முன்னாலேயே தேதி போட்டு வச்சிருந்தீங்க. "நீ அவரப் பாரு தங்கச்சி. சாவியக் குடு, கையெழுத்த இப்பவே போட்டுரு லா"ன்னீங்க. மூணு எடத்துல போட்டேன். பாரம் எறங்கின மாதிரி இருந்துச்சு அன்னிக்கு.

அப்புறம் கோயில் ஆளுங்க சில பேரு, டிரஸ்டி கணக்குக் காட்டணும்னு கோர்ட்டுக்குப் போனாங்க. என்னையும் கூப்ட்டாங்க. லாயரு புத்தகத்துல ஒரு பக்கத்தக் காட்டி, இந்தத் தேதியில உண்டியல் திறந்தப்ப நீங்க இருந்தீங்களான்னு கேட்டாரு. மொழிபெயர்க்குற பொண்ணு தேதியச் சொன்னதும் எனக்கு கண்ணு கலங்கிருச்சு. "அது எங்க வீட்டுக்காரர எடுத்த நாளுங்க. முன்னால நின்னு பெட்டியத் தூக்கினதே இந்த அண்ணன்தான்"னு சொன்னேன்.

நல்லதுன்னு நெனச்சுத்தான் சொன்னேன். நீங்க எப்படிப்பட்ட மனுசன்னு அந்த ஜட்ஜு ஐயா தெரிஞ்சுக்கட்டும்னு. லாயரு சிரிக்கக்கூட இல்ல. சாவுக்குப் பெட்டி தூக்கினவரு அன்னிக்கே எப்படி கோயிலுக்குள்ள வந்து உண்டியல் திறந்தாருன்னு உங்களத்தான் கேட்டாரு. மறுநாளு தனியா வந்து திறந்தேன், தேதிய மாத்த மறந்துட்டேன்னீங்க. உண்டியல் காச நீங்க எடுத்தீங்கன்னு ஜட்ஜு சொல்லல. இந்தப் புத்தகத்த நம்ப முடியாதுன்னு மட்டும் சொல்லி, டிரஸ்டி பொறுப்புலேருந்து எறக்கிட்டாரு.

கோர்ட்டு வாசப்படியில உங்க கிட்ட வந்து நின்னேன். "நெசத்தத்தான சொன்ன, தங்கச்சி"ன்னீங்க. பஸ் வந்துச்சு, ஏறிட்டீங்க. அதுக்கப்புறம் கோயில் பக்கமே நீங்க வரல. அந்த வருசம் முடியறதுக்குள்ள போயும் சேந்துட்டீங்க.

கருமாதி அன்னிக்கு உங்க மக என்ன ஓரமாக் கூட்டிட்டுப் போச்சு. எல்லாரும் ஒரு மாதிரிப் பேசுறாங்க அத்தே, அப்பா எடுக்கலன்னு நீங்களாச்சும் சொல்லுங்கன்னுச்சு. அண்ணன் அப்படிப்பட்ட ஆளே இல்லம்மான்னேன்.

"எண்ணினப்ப கூட இருந்து பாத்தீங்களா?"

இல்லன்னேன். வேற என்ன சொல்ல?

இப்ப ஒவ்வொரு மாசமும் கடைசி அஞ்சு காசு வரைக்கும் எண்ணி முடிக்கிற மட்டும் அசையாம குந்தியிருக்கேன். பாசார்ல உங்க மகளப் பாக்குறேன். மீனு பாக்குற மாதிரி தலயக் குனிஞ்சுக்கிது. குனிய வேண்டியது என் தல அண்ணே, உங்க மக குனியுது.